281 எபிசோடுகளில் குற்றவாளிகளைப் பேசவைத்தவர், தன் கதையை மட்டும் சொல்லாதது ஏன்? 'டெரிக்' நடிகரை ஜெர்மன் டிவி ஓரங்கட்டிய பின்னணி

2024 மார்ச் 25-ம் தேதி ஜெர்மன் நடிகர் ஃப்ரிட்ஸ் வெப்பர் தனது 82-வது வயதில் காலமானார். ஆஸ்கர் விருதுகளை அள்ளிய 'கேபரே' படத்தில் நடித்தவர்தான். ஆனாலும் அவருக்கு அஞ்சலி செலுத்திய செய்திகளில் எல்லாம் முதலில் வந்த பெயர் 'ஹாரி க்ளைன்'. 'டெரிக்' என்ற துப்பறியும் தொடரில் இன்ஸ்பெக்டர் டெரிக்கின் உதவியாளராக 24 ஆண்டுகள் அவர் ஏற்ற பாத்திரம் அது. "ஹாரி, போய் வண்டியை எடு" என்பது ஜெர்மனியில் சின்னப் பிள்ளைகள்கூட கிண்டலுக்குச் சொல்லும் வசனம். இதில் வேடிக்கை, அதே வார்த்தைகளில் அந்த வசனம் தொடரில் ஒருமுறைகூட பேசப்படவில்லை என்பார்கள்.

ஹாரி கதை இப்படி என்றால், டெரிக்கின் கதை வேறு. டெரிக்காக நடித்த ஹார்ஸ்ட் டாப்பெர்ட் 2008-ல் இறந்தபோது பெரும் மரியாதையோடு வழியனுப்பப்பட்டவர். அதற்கு ஐந்தே ஆண்டுகள் கழித்து, அந்தத் தொடரைத் தயாரித்து ஒளிபரப்பிய இசட்.டி.எஃப். தொலைக்காட்சியே இனி அதை மறுஒளிபரப்பு செய்யப்போவதில்லை என்று அறிவித்தது. காரணம், 1943-ம் ஆண்டு தேதியிட்ட ஒரு ராணுவப் பதிவு.

அந்தப் பதிவில் என்ன இருந்தது? அதற்காக ஒரு தொடரையே நிறுத்த வேண்டுமா? இந்தக் கேள்வி ஜெர்மனியில் இன்னும் முழுசாகத் தீரவில்லை.

யார் இந்த ஹார்ஸ்ட் டாப்பெர்ட்?

1923 மே 26-ல் ஜெர்மனியின் மேற்குப் பகுதியில், இன்று வுப்பர்டால் நகரத்தின் ஒரு பகுதியாக இருக்கும் எல்பர்ஃபெல்டில் பிறந்தவர். ஹிட்லர் ஆட்சிக்கு வந்தபோது அவருக்கு 9 வயது. பள்ளி முடித்து வணிகத் தொழிற்பயிற்சிக்குப் போனார். அப்புறம் போர், ராணுவம், பிறகு போர்க்கைதி முகாம்.

போர் முடிந்து வெளியே வந்த இளைஞனுக்கு நடிப்பு ஆசை எல்லாம் ஒன்றும் இல்லை. கிழக்கே ஸ்டெண்டால் என்ற ஊரில் இருந்த நாடக அரங்கத்துக்குக் கணக்கர் வேலை கேட்டுத்தான் போனார். கணக்கு எழுதப் போனவர் மேடையைப் பார்த்ததும் மனசு மாறி, நடிப்புப் பயிற்சி எடுத்து மேடையேறிவிட்டார். கோட்டிங்கன், காசல், பான் என்று ஊர் ஊராக நாடகக் குழுக்களில் நடித்துவிட்டு, 1956-ல் மியூனிக்கின் புகழ்பெற்ற காமர்ஷ்பீல நாடக அரங்கத்தில் இடம் பிடித்தார்.

திருப்பம் 1966-ல் வந்தது. 1963-ல் பிரிட்டனையே உலுக்கிய ரயில் கொள்ளையை மூன்று பாகங்களாக ஜெர்மன் டிவியில் எடுத்தார்கள். கொள்ளைக் கூட்டத் தலைவன் வேடம் டாப்பெர்ட்டுக்கு. அது ஒளிபரப்பான இரவுகளில் தெருவில் ஆள் நடமாட்டமே இல்லை என்று இன்றும் சொல்வார்கள். நாடே பார்த்த கொள்ளைக்காரன், எட்டு வருடம் கழித்து நாடே நம்பும் போலீஸ்காரன் ஆனதுதான் அவருடைய தொழில் வாழ்க்கை. நடுவில் எட்கர் வாலஸ் கதைகளை வைத்து எடுத்த படங்களில் ஸ்காட்லாந்து யார்டு அதிகாரியாகவும், ஸ்பானிஷ் இயக்குநர் ஹெசூஸ் ஃபிராங்கோவின் சில மலிவுப் படங்களிலும் நடித்திருக்கிறார். அந்தப் படங்களைப் பற்றி அதிகம் பேச ஒன்றும் இல்லை.

துப்பாக்கியை நம்பாத போலீஸ்

'டெரிக்' முதல் எபிசோடு 1974 அக்டோபர் 20-ல் ஒளிபரப்பானது. அப்போது டாப்பெர்ட்டுக்கு 51 வயது. கடைசி எபிசோடு 1998 அக்டோபர் 16. அப்போது வயது 75. மொத்தம் 281 எபிசோடுகள். 281-ஐயும் எழுதியவர் ஒரே ஆள், ஹெர்பர்ட் ரைனெக்கர். (இந்தப் பெயரை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள். பிறகு தேவைப்படும்.)

துப்பறியும் தொடர் என்றதும் கார் துரத்தல், அடிதடி, குண்டு மழை என்று கற்பனை செய்தால் ஏமாந்துபோவீர்கள். மழைக்கோட்டு, பெரிய கண்ணாடி, கண்ணுக்குக் கீழே தொங்கும் சதை, மெதுவான நடை, இதுதான் டெரிக். மியூனிக்கின் பணக்காரப் பகுதிகளில் உள்ள பங்களாக்களுக்கு பி.எம்.டபிள்யூ காரில் போவார். வரவேற்பறையில் உட்காருவார். கேள்வி கேட்பார். பதில் வரும்வரை எதிரே இருப்பவரின் முகத்தைப் பார்த்துக்கொண்டே இருப்பார். ஆரம்ப காலத்துக் கதைகள் பலவற்றில் கொலைகாரன் யார் என்று பார்வையாளருக்கு முதலிலேயே தெரிந்துவிடும். அவன் எப்போது வாயைத் திறப்பான் என்பதுதான் சஸ்பென்ஸ்.

அதாவது டெரிக்கின் ஆயுதம் துப்பாக்கி இல்லை, பொறுமை. மனசுக்குள் எதையோ பூட்டி வைத்திருக்கும் ஆட்களிடம் 'சொல்லிவிடுங்கள், பாரம் குறையும்' என்கிற மாதிரி ஒரு பார்வை. பாதி எபிசோடுகள் போலீஸ் ஸ்டேஷனைவிட பாவமன்னிப்புக் கூண்டுக்குத்தான் பக்கத்தில் இருக்கும். 2013-க்குப் பிறகு அந்தக் காட்சிகளைப் பார்க்கும் யாருக்கும் தொண்டையில் முள் குத்தாமல் இருக்காது.

சலிப்பான தொடர் என்று விமர்சகர்கள் பலர் கேலி செய்தார்கள். இத்தாலிய எழுத்தாளர் உம்பர்ட்டோ எக்கோ இந்தத் தொடரைப் பற்றி எழுதிய கட்டுரை ஜெர்மனியில் ஒரு புத்தகத்துக்கே தலைப்பாக அமைந்தது. டெரிக்கின் சாதாரணத்தன்மைதான் மக்களுக்குப் பிடித்திருக்கிறது என்பது அவர் பார்வை. உலகம் கேலியைக் கண்டுகொள்ளவில்லை. இத்தாலி, பிரான்ஸ், நெதர்லாந்து, நார்வே, சீனா, ஜப்பான் என்று நூறுக்கும் மேற்பட்ட நாடுகளுக்கு டெரிக் போனார். ஜெர்மன் தொலைக்காட்சி வெளிநாட்டுக்கு விற்ற சரக்குகளில் இந்த அளவுக்கு ஓடியது மிகக் குறைவு.

இங்கே ஒரு விஷயத்தைக் கவனிக்க வேண்டும். அரை நூற்றாண்டாகப் போர்ப் படங்களில் ஜெர்மன் சீருடை என்றாலே உலகத்துக்கு ஒரே ஒரு அர்த்தம்தான். அந்த உலகத்தின் வீடுகளுக்குள் மரியாதையாகக் கதவைத் தட்டி, கோட்டைக் கழற்றிவிட்டு, சத்தம் போடாமல் பேசும் ஒரு ஜெர்மன் அதிகாரி நுழைந்தார். புதிய ஜெர்மனியின் முகமாகவே டெரிக் ஆகிப்போனார். அரசாங்கம் கோடிகளைக் கொட்டி விளம்பரம் செய்திருந்தாலும் இப்படி ஒரு முகம் கிடைத்திருக்காது.

பவேரியா மாநில போலீஸுக்கும் அந்த முகம் பிடித்துப்போனது. 1980-ல் டாப்பெர்ட்டுக்கு 'கௌரவ போலீஸ் கமிஷனர்' பட்டம் கொடுத்தார்கள்.

2013-ல் என்ன நடந்தது?

யோர்க் பெக்கர் என்ற சமூகவியலாளர், கருத்துக்கணிப்பு நிபுணர் எலிசபெத் நோயல்-நோய்மானின் வாழ்க்கை வரலாற்றுக்காகப் பழைய நாஜி காலத் தொடர்புகளைத் தேடிக்கொண்டிருந்தார். அந்தத் தேடலின் நடுவில்தான் டாப்பெர்ட் விவகாரம் கிளம்பியது. பெர்லினில் ஒரு பழைய அலுவலகம் இருந்தது. இரண்டாம் உலகப் போரில் சண்டையிட்ட ஜெர்மன் வீரர்களின் தனிப்பட்ட பதிவுகளைப் பாதுகாப்பதுதான் அதன் வேலை. அங்கிருந்து வந்த தகவல், டாப்பெர்ட் வாஃபன் எஸ்.எஸ். படையில் இருந்திருக்கிறார் என்றது.

முதலில் அரோல்சன் என்ற ஊரில் விமான எதிர்ப்புப் படையின் ரிசர்வ் பிரிவு. பிறகு 1943 மார்ச் 22 தேதியில் 'டோட்டன்காப்ஃப்' பிரிவின் காலாட்படை ரெஜிமென்ட்டில் கிரெனடியர், அதாவது கடைநிலைச் சிப்பாய். அப்போது வயது 19. 2013 ஏப்ரல் கடைசியில் ஃபிராங்க்ஃபர்ட்டர் அல்கெமைன நாளிதழில் இது செய்தியாக வந்ததும் ஜெர்மனி முழுக்க அதிர்ச்சி.

அதிர்ச்சிக்குக் காரணம் போரில் சண்டை போட்டது இல்லை. அந்தத் தலைமுறை ஆண்களில் பெரும்பாலோர் ஏதோ ஒரு சீருடையில் இருந்தவர்கள்தான். எந்தச் சீருடை என்பதுதான் விஷயம்.

எஸ்.எஸ். என்பது நாட்டின் வழக்கமான ராணுவம் அல்ல. ஹிம்லர் தலைமையில் நாஜிக் கட்சிக்குள் வளர்ந்த அமைப்பு. யூதர்களை அழித்தொழித்த வேலையை முன்னின்று நடத்தியதும் இதே அமைப்புதான். அதன் போர்ப்படைதான் வாஃபன் எஸ்.எஸ். அதிலும் 'டோட்டன்காப்ஃப்' என்றால் மண்டையோடு என்று அர்த்தம். 1939-ல் இந்தப் படைப்பிரிவு உருவானபோது அதற்கு ஆள் எடுத்தது பெருமளவில் வதைமுகாம் காவலர்களிடமிருந்து. தலைமை தாங்கிய தியோடர் ஐக்கே, டாகாவ் வதைமுகாமை நடத்தி அதையே மற்ற முகாம்களுக்கும் மாதிரியாக மாற்றியவர். 1940 மே மாதம் பிரான்ஸின் ல பாரடி கிராமத்தில், சரணடைந்த பிரிட்டிஷ் வீரர்கள் 97 பேரைச் சுவரோரம் நிறுத்திச் சுட்டுக் கொன்றது இந்தப் பிரிவைச் சேர்ந்த படைதான்.

அப்போது டாப்பெர்ட் அங்கே இல்லை, அவருக்கு அப்போதுதான் 17 வயது நிறைந்திருந்தது. அவர் பெயர் பதிவாகியிருக்கும் 1943 மார்ச்சில் அந்தப் பிரிவு சோவியத் மண்ணில், கார்கிவ் நகரத்தை மீண்டும் பிடிப்பதற்கான சண்டையில் இருந்தது. டாப்பெர்ட் என்ற தனிமனிதர் எந்தப் போர்க்குற்றத்திலாவது ஈடுபட்டார் என்று அந்தப் பதிவு சொல்லவில்லை. சொந்த விருப்பத்தில் சேர்ந்தாரா, பிடித்துப் போட்டார்களா என்பதும் அதில் இல்லை. ஆரம்பத்தில் தன்னார்வலர்களை மட்டும் எடுத்த வாஃபன் எஸ்.எஸ்., போர் முற்றிய காலத்தில் கட்டாயமாகவும் ஆள் சேர்த்தது என்பது வரலாறு.

சட்டமும் இந்த வித்தியாசத்தைப் பார்த்திருக்கிறது. 1946-ல் நியூரம்பெர்க் தீர்ப்பாயம் எஸ்.எஸ். அமைப்பைக் குற்றவியல் அமைப்பு என்று அறிவித்தது. அதேசமயம், வேறு வழியே இல்லாமல் அரசால் கட்டாயமாகச் சேர்க்கப்பட்டு, குற்றம் எதுவும் செய்யாதவர்களுக்கு விலக்கும் கொடுத்தது. டாப்பெர்ட் அந்த விலக்குக்குள் வருவாரா, மாட்டாரா? அதைச் சொல்லியிருக்க வேண்டிய ஒரே ஆள் டாப்பெர்ட்தான்.

அவர் சொன்னது என்ன?

போரைப் பற்றிக் கேட்டபோதெல்லாம் சுருக்கமாக முடித்துக்கொண்டார். ராணுவத்தில் மருத்துவ உதவியாளராக இருந்ததாகவும், பிறகு போர்க்கைதியானதாகவும் சொன்னார். 1998-ல் தொடர் முடிந்தபோது சுயசரிதை எழுதினார். தலைப்பு: 'டெரிக்கும் நானும் - என் இரண்டு வாழ்க்கைகள்'. இரண்டு வாழ்க்கை என்று அவர் சொன்னது நடிகனையும் பாத்திரத்தையும். மூன்றாவதாக ஒன்று இருந்ததைச் சொல்ல அந்தப் புத்தகத்தில் இடம் இருந்தது. வயது 75, புகழின் உச்சி, இழக்க ஒன்றும் இல்லாத நிலை. இருந்தும் எஸ்.எஸ். என்ற சொல் வரவில்லை.

இதோடு இன்னொருவரின் கதையையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். 1999-ல் இலக்கிய நோபல் பெற்ற குந்தர் கிராஸ். 17 வயதில் வாஃபன் எஸ்.எஸ்.-ல் இருந்ததை 2006-ல், 78 வயதில், அவரே வெளியே சொன்னார். அதுவும் இதே ஃபிராங்க்ஃபர்ட்டர் அல்கெமைன நாளிதழுக்குக் கொடுத்த பேட்டியில்தான். 'அறுபது வருஷமா ஊருக்கெல்லாம் நியாயம் சொல்லிட்டு இதை மறைச்சீங்களே' என்று கடுமையாகத் திட்டு வாங்கினார். அவருடைய சொந்த ஊரான க்டான்ஸ்க்கின் கௌரவக் குடிமகன் பட்டத்தை அவரே விட்டுக்கொடுக்க வேண்டும் என்றுகூட போலந்தின் முன்னாள் அதிபர் லெக் வலேசா கேட்டார், பிறகு அந்தக் கோரிக்கையைக் கைவிட்டார். காரணம், கிராஸ் பதில் சொல்ல உயிரோடு இருந்தார். கடிதம் எழுதினார், விளக்கினார், வாதாடினார். டாப்பெர்ட்டிடம் கேட்க வழி இல்லை.

தொடரை ஏன் நிறுத்தினார்கள்?

செய்தி வந்த சில நாட்களிலேயே இசட்.டி.எஃப். மறுஒளிபரப்புகளைக் கைவிட்டது. நெதர்லாந்தில் ஓம்ரூப் மேக்ஸ் சேனலும் தன் திட்டத்தை ரத்து செய்தது. நாஜி ஆக்கிரமிப்பை அனுபவித்த நாடு அது என்பதால் அங்கே பெரிய விவாதம்கூட நடக்கவில்லை. பவேரியாவில் உள்துறை அமைச்சர் யோவாக்கிம் ஹெர்மான், 1980-ல் கொடுத்த கௌரவ கமிஷனர் பட்டத்தைத் திரும்பப் பெற்றார். எஸ்.எஸ். விஷயம் அப்போதே தெரிந்திருந்தால் பட்டமே கொடுத்திருக்க மாட்டோம் என்பது அரசுத் தரப்பு வாதம்.

பட்டத்தைப் பறித்தது சரிதான். போலீஸின் கௌரவப் பட்டம் என்பது அரசு கொடுக்கும் நற்சான்று, அதை வாங்கும்போது முழுக் கதையும் மேசை மேல் இருக்க வேண்டும். தொடரை நிறுத்தியதில்தான் சிக்கல். ஏனென்றால், இப்போதுதான் அந்த ஹெர்பர்ட் ரைனெக்கர் பெயர் தேவைப்படுகிறது.

281 எபிசோடுகளையும் எழுதிய ரைனெக்கர் 1914-ல் பிறந்தவர். நாஜி ஆட்சியில் ஹிட்லர் இளைஞர் படையின் பத்திரிகை ஒன்றுக்குத் தலைமை ஆசிரியர். போரில் வாஃபன் எஸ்.எஸ்.-ன் பிரசாரப் பிரிவில் போர் நிருபர். எஸ்.எஸ்.-ன் வாரப் பத்திரிகையிலும் எழுதியவர். 1944-ல் வந்த 'யுங்க ஆட்லர்' என்ற இளைஞர் பிரசாரப் படத்தின் திரைக்கதையிலும் அவர் கை இருந்தது. அந்தப் படத்தின் இயக்குநர் ஆல்ஃபிரட் வைடன்மான். அதே வைடன்மான்தான் பின்னாளில் 'டெரிக்' எபிசோடுகள் பலவற்றையும் இயக்கினார்.

இதெல்லாம் 2013-ல் யாரோ தோண்டியெடுத்த ரகசியம் இல்லை. ரைனெக்கரின் பின்னணி தொடர் ஓடிய காலத்திலேயே தெரிந்த விஷயம். அதைத் தெரிந்துகொண்டே அவர் எழுதிய 281 கதைகளையும், அதற்கு முன்பு 'டேர் கொமிசார்' தொடருக்காக அவர் எழுதிய 97 கதைகளையும் அதே சேனல் ஒளிபரப்பியது. 2007-ல் அவர் இறந்த பிறகும் மறுஒளிபரப்பு நிற்கவில்லை.

ஒரு பக்கம், நாஜிப் பிரசாரத்தையே தொழிலாகச் செய்தவர். இன்னொரு பக்கம், 19 வயதில் கடைநிலைச் சிப்பாயாகப் பதிவானவர். முதலாமவரின் வரலாற்றைத் தாங்கிக்கொண்ட தொடர், இரண்டாமவரின் ஒற்றை வரிப் பதிவில் விழுந்துவிட்டது. குற்றத்தின் எடையை வைத்துப் பார்த்தால் இந்தக் கணக்கு உதைக்கிறது.

அப்படியானால் எதை வைத்துப் பார்த்தார்கள்? முகத்தை வைத்து. எழுத்தாளரின் பெயர் டைட்டிலில் இரண்டு நொடி வந்து போகும். டாப்பெர்ட்டின் முகம் ஒரு மணி நேரம் திரையில் நிற்கும். 24 வருடம் பார்த்துப் பார்த்து, நடிகர் யார் பாத்திரம் யார் என்ற கோடு ஜனங்களுக்கு அழிந்துபோனது. டாப்பெர்ட் ஒரு நாள்கூட போலீஸ் வேலை பார்த்ததில்லை, ஆனாலும் அரசே அவருக்கு கமிஷனர் பட்டம் கொடுத்தது. கொடுத்தது டாப்பெர்ட்டுக்கா, டெரிக்குக்கா? 2013-ல் தண்டனை கொடுக்கும்போதும் அதே குழப்பம். ஸ்டெண்டாலில் கணக்கு எழுதப் போன ஹார்ஸ்ட் டாப்பெர்ட் பொய் சொன்னதற்கு, ஸ்டீபன் டெரிக் என்ற கற்பனை மனிதர் சஸ்பெண்ட் செய்யப்பட்டார்.

இதை வெறும் அநியாயம் என்றும் ஒதுக்கிவிட முடியாது. டெரிக்கை உலகத்துக்கு விற்றதே நம்பிக்கை என்ற ஒரே சரக்கை வைத்துத்தான். மற்றவர்கள் மறைத்ததைக் கண்டுபிடிக்கும் ஆளாக ஒருவரை நிறுத்திவிட்டு, அவரே மறைத்தது வெளியானதும் 'அது வேறு, இது வேறு' என்று ஒரு சேனல் சொன்னால் எடுபடாது. ரைனெக்கர் யாரிடமும் அப்படி ஒரு முகத்தைக் காட்டவில்லை. அவர் பின்னணி தெரிந்தே இருந்தது, அதனால் அதிர்ச்சி கொடுக்க அதில் எதுவும் மிச்சமில்லை. சின்ன உண்மையை மறைத்தவர் அடிவாங்க, பெரிய உண்மை தெரிந்தவர் தப்பித்தார்.

நார்வேயில் இன்னும் கொஞ்சம் சங்கடம். அந்த நாட்டை நேசித்த டாப்பெர்ட், வடக்கே ஹாமரோய் பகுதியில் வீடு வைத்திருந்தார். கோடைக்காலம் எல்லாம் அங்கேதான். 1940 முதல் ஐந்து வருடம் ஜெர்மன் பிடியில் கிடந்த நாடு, தன் தொலைக்காட்சியில் டெரிக்கைக் கொண்டாடி, டாப்பெர்ட்டையும் பக்கத்து வீட்டுக்காரராக ஏற்றுக்கொண்டிருந்தது. நோபல் பரிசு வாங்கிய பிறகு ஹிட்லரை ஆதரித்துப் பேசிய எழுத்தாளர் க்னுட் ஹாம்சுன் வளர்ந்ததும் இதே ஹாமரோயில்தான். ஆனால் ஹாம்சுனின் புத்தகங்களை நார்வே தூக்கி எறியவில்லை. அவருக்காக ஹாமரோயில் ஒரு மையமே கட்டி, அவருடைய எழுத்தையும் அரசியலையும் சேர்த்தே பேசுகிறது.

டெரிக் விஷயத்தில் அப்படி ஒரு மூன்றாவது வழி இருந்திருக்கும். ஒவ்வொரு எபிசோடுக்கும் முன்னால் ஒரு சின்னக் குறிப்பு போட்டிருக்கலாம். நடித்தவர் யார், எழுதியவர் யார், இயக்கியவர் யார், போர்க்காலத்தில் இவர்கள் எங்கே இருந்தார்கள் என்று சொல்லிவிட்டு ஒளிபரப்பியிருக்கலாம். கொலை செய்தவன் குற்றத்தைச் சொல்லாமல் மென்று முழுங்கும் அந்த வரவேற்பறைக் காட்சிகள், போருக்குப் பிந்தைய மேற்கு ஜெர்மனியின் வாழ்க்கையை எந்த ஆவணப்படத்தைவிடவும் அப்பட்டமாகக் காட்டியிருக்கும். சேனல் தேர்ந்தெடுத்தது சுலபமான வழியை. பெட்டியை மூடி அலமாரியில் வைத்துவிட்டது.

அந்தத் தலைமுறைக்கு நேர் எதிரான ஒரு குறிப்பும் 'டெரிக்' குழுவுக்குள்ளேயே இருந்தது. ஹாரியாக நடித்த ஃப்ரிட்ஸ் வெப்பர் பிறந்தது 1941-ல், போர் முடியும்போது மூணு வயதுக் குழந்தை. 18 வயது நிறையும் நேரத்தில் அவர் நடித்து 1959-ல் வெளியான படம் 'டீ ப்ருக்க'. போரின் கடைசி நாட்களில் பள்ளிக்கூடத்திலிருந்து இழுத்துவரப்பட்டு, எதற்கும் உதவாத ஒரு பாலத்தைக் காக்கச் சொல்லி அனுப்பப்பட்ட பையன்களின் கதை அது. ஜெர்மன் சினிமாவின் முக்கியமான போர் எதிர்ப்புப் படங்களில் ஒன்று. 24 வருடம் ஒரே காரில் பக்கத்தில் உட்கார்ந்து போன இரண்டு பேரில், சீருடை மாட்டிவிடப்பட்ட பையனின் பயத்தைக் கேமரா முன்னால் நடித்துக் காட்டியவர் ஹாரி. அதை நிஜத்தில் பார்த்திருந்தவர் ஓட்டுநர் இருக்கைக்குப் பக்கத்தில் அமைதியாக இருந்தார்.

டாப்பெர்ட்டின் பதிவை வைத்திருந்த பெர்லின் அலுவலகம் 2019 ஜனவரி 1 முதல் ஜெர்மனியின் தேசிய ஆவணக் காப்பகத்தோடு இணைக்கப்பட்டுவிட்டது. தங்கள் தாத்தா எந்தப் படையில் இருந்தார் என்று கேட்டு பேரப்பிள்ளைகள் அங்கே இப்போதும் விண்ணப்பித்துக்கொண்டிருக்கிறார்கள்.